பன்னிரண்டு வரை

மூன்று மணிக்குக் குழந்தை எழுந்துவிடுவாள். இப்போது மதியம் இரண்டேகால். அதற்குள் படத்தின் எழுபதாவது நிமிஷத்திலிருந்து கடைசிவரைக்கும் தமிழ் வரி போட்டு முடித்துவிட வேண்டும், பதினோரு நிமிஷம்தான், அதிலும் பாதி நேரம் யாரும் எதுவும் பேசுவதில்லை, ரூஷெக்கின் படங்களில் பேச்சைவிடப் பேசாமல் இருப்பதுதான் அதிகம், அதனாலதான் உன்கிட்ட குடுக்கறேன், கைக்குழந்தைக்காரிக்கு ஏத்த டைரக்டர், வரி கம்மி என்று பரிதி சொன்னான், அது என் புருஷன் என்னிடம் கேலி பேசிக்கொண்டிருந்த நாட்களில் சொன்னது. உள்ளறையில் முகை தூங்குகிறாள். மூச்சு கேட்கிறது. மின்விசிறியின் கடகடப்பிலிருந்து ஏழு மாதக் குழந்தையின் மூச்சை மட்டும் பிரித்து எடுக்க என் காது பழகிவிட்டது, அரிசியில் கல் பொறுக்குகிற மாதிரி, ஆனால் சில சமயம் மூச்சு நின்றுவிட்டதுபோல் இருக்கும், அப்போது நான் எழுந்து ஓட வேண்டும், எந்தத் தாயும் ஓடுவாள், நான் ஓடுவதில்லை, எண்ண ஆரம்பிக்கிறேன், ஒன்று, இரண்டு, மூன்று, அதற்குள் மூச்சு திரும்ப வந்துவிடுகிறது. ஒரு நாள் வராமல் போனால் எத்தனை வரைக்கும் எண்ணுவேன் என்று தெரியவில்லை. தெரியும். தெரிவதுதான் பயமாக இருக்கிறது. வேலையைப் பார், அமலி. நாளை மறுநாள் ஞாயிற்றுக்கிழமை திரைப்படச் சங்கத்தில் படம் போட வேண்டும், நாற்பது நாற்காலி போடுவோம், இருபது பேர் வருவார்கள், அதில் பத்துப் பேர் ஏசிக்காக.

எனக்கு செக் மொழி தெரியாது. ஆங்கிலத்தில் ஒரு பட்டியல் வரும், எந்த நொடியில் யார் என்ன பேசுகிறார்கள் என்று, அதைப் பார்த்துத் தமிழ் போடுகிறேன், படத்தின் கீழே இரண்டே வரி, ஒரு வரிக்கு முப்பத்தாறு எழுத்து, ஐந்து நொடிக்கு மேல் எந்த வரியும் நிற்கக்கூடாது, கண் அதற்குள் படித்துவிடும். துண்டறிக்கையும் நான்தான் எழுதினேன். ஓட்டகர் ரூஷெக், ஆஸ்ட்ராவா என்கிற கரி படிந்த ஊரில் சுரங்கத் தொழிலாளியின் மகன், பிராக்கில் சினிமாப் படிப்பு, முதல் படம் டிராம் பணிமனையில் தரை கூட்டும் பெண்களைப் பற்றி, அறுபத்தெட்டில் ரஷ்ய டாங்கிகள் நாட்டுக்குள் வந்த பிறகு அது சரிதான் என்று எழுதிய காகிதத்தில் கையெழுத்துப் போட மாட்டேன் என்றார், அதற்குத் தண்டனையாகப் பத்து வருஷம் பாடப்படம் மட்டும் எடுக்கவிட்டார்கள். பசுவின் மடியை எப்படிக் கழுவுவது. ஏணியை எப்படிச் சாய்ப்பது. விஷவாயு முகமூடியை எப்படி மாட்டுவது. சிப்பாய் முகமூடியைப் பன்னிரண்டு நொடிக்குள் மாட்டிவிட வேண்டும், பதின்மூன்றாவது நொடியில் மாட்டினால் செத்தவன் கணக்கு, நூற்றுக்கணக்கான சிப்பாய்களை வரிசையாக நிற்கவைத்து ரூஷெக் அதைப் படம் பிடித்தார், வாய்க்குள் எண்ணிக்கொண்டே. அங்கேதான் அவருக்கு அது பிடித்துக்கொண்டது. அதற்குப் பிறகு வாழ்நாள் முழுவதும் யாரைப் பேட்டி எடுத்தாலும், கேள்வி கேட்பார், அவர்கள் பதில் சொல்லி முடிப்பார்கள், அவர் கேமராவை நிறுத்தமாட்டார், அடுத்த கேள்வியும் கேட்கமாட்டார், பன்னிரண்டு வரை எண்ணுவார். மூன்றில் சிரிப்பார்கள். ஐந்தில் சட்டையை இழுத்துவிட்டுக்கொள்வார்கள். ஏழில் சிரிப்பு போய்விடும். ஒன்பது பத்தில் உண்மையைச் சொல்லிவிடுவார்கள், சொல்லாவிட்டாலும் முகம் சொல்லிவிடும், சின்ன சத்தத்தோடு தேங்காய் விரிசல் விடுகிற மாதிரி. அடிக்காமல், திட்டாமல், வெறுமனே காத்துக்கொண்டு இருந்து. துண்டறிக்கையில் அதைப் ‘பொறுமையின் கலை’ என்று எழுதினேன். பரிதி படித்துவிட்டு, நல்லாருக்கு, ஆனா பொறுமைன்னு போடாத, அவருக்குப் பொறுமையெல்லாம் கிடையாது, பசி என்றான்.

பரிதிக்கும் அந்தப் பசி உண்டு. வயிற்றுப்பாட்டுக்குக் கல்யாண வீடியோ எடுக்கிறான், அதிலும் பன்னிரண்டுதான், தாலி ஏறியதும் எல்லோரும் கேமராவை மேளக்காரன் பக்கம் திருப்புவார்கள், இவன் பெண்ணின் முகத்திலேயே நிறுத்தி எண்ணுவான், ஒன்பதில் பெண் உடைந்து அழுதுவிடும், மாமியார்கள் சண்டைக்கு வருவார்கள், பெண்ணைப் பெத்தவர்கள் கையைப் பிடித்துக்கொண்டு தம்பி, அந்த எடம் நல்லா வந்திருக்கு என்பார்கள். நானும் அப்படித்தான் விழுந்தேன். கல்லூரி மாடியில், கேமராகூட இல்லை, என்னைப் பிடிச்சிருக்கா என்று கேட்டான், பிடிக்காமல் இருக்க என்ன இருக்கு, நல்லாத்தான் பேசறீங்க என்று சமாளித்தேன், அவன் ஒன்றும் சொல்லாமல் பார்த்துக்கொண்டே நின்றான், பத்து இருக்கும், எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. அது காதல் என்று நினைத்தேன். கேட்கப்படுகிறோம் என்று நினைத்தேன். எங்கள் பங்குச் சாமியார்கூட அப்படித்தான், பாவசங்கீர்த்தனத்தில் எல்லாவற்றையும் சொல்லி முடித்த பிறகு கம்பி வலைக்குப் பின்னாலிருந்து மெதுவாக, வேறே? என்பார். அவ்வளவுதான். வேறே? இல்லாத பாவத்தையும் சொல்லிவிடத் தோன்றும்.

எழுபத்தோராவது நிமிஷம். ‘ஆறாவது மாடி.’ ஒரே குடும்பத்தைப் பதினோரு வருஷம் எடுத்த படம், அடுக்குமாடி வீட்டின் சமையலறை, டிராமில் டிக்கெட் கிழிக்கும் வ்லாஸ்தா, அவள் பையன் ஹோன்ஸா. ரூஷெக் நாற்பது வருஷத்தில் ஒரே ஒரு முறைதான் ஜூம் பண்ணியிருக்கிறார், இந்தப் படத்தில், இந்த இடத்தில், இதைப் பரிதி எனக்கு எத்தனை தடவை சொல்லியிருப்பான் என்று கணக்கில்லை, லென்ஸ் மனுஷன்கிட்ட போகக்கூடாது அமலி, மனுஷன்தான் லென்ஸ்கிட்ட வரணும், அவர் ஒரே ஒரு தடவைதான் போனார், அதுக்கப்புறம் மூணு வருஷம் அவர் கேமராவையே தொடல. வ்லாஸ்தா மேஜையில் உட்கார்ந்து அவருடைய கேள்விக்குப் பதில் சொல்லி முடித்திருக்கிறாள். அமைதி. அவளுக்குப் பின்னால் இரண்டு வயது ஹோன்ஸா அடுப்பை நோக்கிப் போகிறான். இரும்புத் தட்டு சிவந்து இருக்கிறது. அவனுடைய கை நீளுகிறது. அப்போதுதான் அந்த ஜூம், ஆனால் குழந்தையின் கைக்கு இல்லை, வ்லாஸ்தாவின் கண்ணுக்கு. அவள் கேமராவையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். நல்ல மாணவி மாதிரி. பின்னால் அலறல். பிறகு, கையில் துணி சுற்றிய குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு அவள் ஒரே ஒரு வாக்கியம் சொல்கிறாள், அதைத்தான் நான் மூன்று நாளாகத் தமிழில் போட முடியாமல் தாண்டித் தாண்டிப் போய்க்கொண்டிருக்கிறேன், நீங்கள் பிடிப்பீர்கள் என்று நினைத்தேன். அவ்வளவுதான். இருபத்திரண்டு எழுத்துக்கூட வராது. ஒரு வரிக்குள் அடங்கிவிடும். பிறகு எங்கேயோ ஒரு கூட்டத்தில் ஒருத்தர் எழுந்து, ஐயா, நீங்கள் ஏன் கேமராவைக் கீழே வைக்கவில்லை என்று கேட்டிருக்கிறார். நான் அங்கே இல்லை, என்றாராம் ரூஷெக். நான் அங்கே இல்லை என்பதுதான் என் வேலை. பையனின் அம்மா இருந்தாள்.

போன் அதிர்கிறது. அம்மா. எடுக்காவிட்டால் பத்து தடவை அடிப்பாள், அதிர்வில் குழந்தை எழுந்துவிடும். திண்டுக்கல்லில் இருந்துகொண்டே என் வீட்டுத் தரையைக் கண்காணிக்கிறாள். ஏண்டி, எந்திரிச்சிட்டாளா? தூங்கறாம்மா. எங்க போட்டிருக்க? கீழ, பாய்ல. சுத்தித் தலகாணி? வச்சிருக்கேன். வாந்தி கீந்தி எடுத்தாளா? அதெல்லாம் இல்லம்மா, ஸ்கேன்ல ஒண்ணும் இல்லன்னு டாக்டர் சொல்லிட்டாருல்ல, வீக்கமும் வடிஞ்சிடுச்சு. அந்த மகராசன் எங்க? வேலையா போயிருக்கார்மா, உறையூர்ல எடிட்டிங், கல்யாண வீடியோ. கல்யாண வீடியோவா, எம் பேத்தி விழுந்த வீடியோவா? அதை அழிச்சிட்டார்மா. அழிச்சிட்டாராம்! கண்ணு முன்னால பச்சப்புள்ள உருண்டு வருது, கரண்ட்டுக் கம்பம் மாதிரி நின்னு படம் புடிச்சிருக்கான், அவன் கையில என்ன கட்டியா வந்திருக்கு, தூக்கிப் போட்டுட்டு ஓடி வந்தா என்ன? நீ பாவம், உனக்கு முதுகுப் பக்கம். நீ என்னத்தைக் கண்ட? அம்மா, விடும்மா. நான் விடமாட்டேன், உங்கப்பா உயிரோட இருந்திருந்தா அந்தக் கேமராவை அவன் மண்டையிலேயே போட்டிருப்பார், வேளாங்கண்ணி மாதாவுக்குப் புள்ள உசரத்துக்கு மெழுகுதிரி வாங்கி வைக்கிறதா நேந்திருக்கேன், சும்மா விட்டாளே அந்தத் தாயி. சரிம்மா. சரிம்மான்னா? சொரணையே இல்லையாடி உனக்கு? வை, புள்ள எந்திரிச்சிடப் போவுது.

உனக்கு முதுகுப் பக்கம். எல்லோரும் இதைத்தான் சொல்கிறார்கள். ஆட்டோவில் சொன்னார்கள், ஆஸ்பத்திரி நர்ஸ் சொன்னாள், பாவம்ங்க அவங்க திரும்பி உக்காந்திருந்தாங்களாம், எதிர்வீட்டு அக்கா குங்குமம் கொண்டுவந்து முகைக்கு வைத்துவிட்டுச் சொன்னாள். போன வாரத்துக்கு முந்தின ஞாயிறு. ஒவ்வொரு ஞாயிறும் காலையில் பரிதி ஒரு மணி நேரம் என்னைப் படம் பிடிப்பான், முகை பிறந்ததிலிருந்து, முதல் வருஷம் முழுக்க எடுக்கறேன், ஒரே இடம், ஒரே நாற்காலி, ரூஷெக் மாதிரி. நான் கட்டிலுக்கு முதுகைக் காட்டி உட்கார வேண்டும். கட்டிலில் முகை. அவனோடு பேசக்கூடாது, கேள்விக்குப் பதில் மட்டும். அன்றைக்குக் கேட்டான், முகை பொறக்கறதுக்கு முன்னாடி இருந்த அமலியைத் தேடுவியா? நான், இல்லையே, எதுக்குத் தேடணும் என்றேன். அவன் எண்ண ஆரம்பித்துவிட்டான் என்று தெரிந்தது, நானும் எண்ண ஆரம்பித்தேன், எப்போதும் எண்ணுவேன், அவன் பன்னிரண்டை முடிப்பதற்குள் நான் எதுவும் காட்டிவிடக்கூடாது என்று ஒரு பந்தயம், வீட்டுக்குள்ளேயே ஒரு பந்தயம். ஒன்று, இரண்டு, மூன்று. நான்கில் பார்த்தேன்.

பார்த்தேன். யாருக்கும் தெரியாதது இதுதான். கேமராவுக்குப் பக்கவாட்டில் விரியுமே, அந்தக் குட்டித் திரை, அதைப் பரிதி எப்போதும் தன் பக்கம் வைத்துக்கொள்ளமாட்டான், ரூஷெக் வியூஃபைண்டர் வழியாகப் பார்க்கமாட்டாராம், மனிதர்களை நேராகக் கண்ணால் பார்ப்பாராம், அதனால் இவனும் திரையை முழுக்கத் திருப்பி என் பக்கமாக வைத்துவிடுவான், கேமராவுக்கு மேலே தலையை நீட்டி என்னைப் பார்ப்பான். தீப்பெட்டி அளவு திரை. அதில் நான். என் தோளுக்குப் பின்னால் கட்டில். கட்டிலில் முகை தலையணையைத் தாண்டிவிட்டாள், முதல் முறையாகக் குப்புற விழுந்து, அதோடு நிற்காமல் இன்னொரு புரளல், விளிம்பு. அது என் குழந்தை என்று தெரிந்தது. பின்னால் என்று தெரிந்தது. கையை நீட்டினால் எட்டும் தூரம் என்று தெரிந்தது. நான்கு. ஒன்பதில் அந்தச் சத்தம், மொசைக் தரையில், ஈரத்துணியைக் கல்லில் போட்ட மாதிரி. நான்குக்கும் ஒன்பதுக்கும் நடுவில் ஐந்து நொடி. அந்த ஐந்து நொடியும் எனக்கு ஞாபகம் இல்லை என்று சொல்லிக்கொள்ளலாம், ஆனால் ஞாபகம் இருக்கிறது, அதுதான் கொடுமை, அந்த ஐந்து நொடியும் நான் அந்தத் திரையில் என் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். குழந்தை இல்லை, கட்டில் இல்லை, என் முகம் மட்டும். பெற்ற பிள்ளை விழுந்துகொண்டிருக்கும்போது தன் மூஞ்சியைப் பார்த்துக்கொண்டிருந்தவள். எந்த மாதாவுக்கு எந்த உயரத்தில் மெழுகுதிரி வைப்பது இதற்கு.

கான்வென்ட்டில் ஒரு காலை. ஆறாம் வகுப்பு, கோயிலில் பூசை, சிஸ்டர் பெர்னதெத் நடையில் உலாவிக்கொண்டிருந்தார், சாமியார் அப்பத்தை உயர்த்திக் காட்டுகிற எழுந்தேற்ற நேரம், தலை குனிந்து, திரும்பாதே, அசையாதே, ஆண்டவர் வருகிறார். எனக்குப் பக்கத்தில் ஜெனோவா, வெறும் வயிற்றோடு வந்தவள், அவள் மூச்சு மாறுவது எனக்குக் கேட்டது, அவள் தோள் என் தோளில் வந்து சாய்ந்தது, பிறகு நழுவியது, பிறகு பெஞ்சின் முனையில் அவள் வாய் மோதியது. நான் அசையவில்லை. பல் ஒன்று என் பாவாடை மேல் கிடந்தது. அப்போதும் அசையவில்லை. அன்று அசெம்பிளியில் சிஸ்டர் என்னை முன்னால் நிறுத்தி, இந்தப் பிள்ளையைப் பாருங்கள், பக்கத்தில் என்ன நடந்தாலும் இவள் கவனம் சிதறவே இல்லை என்று சொல்லி, ஓரத்தில் தங்கச் சரிகை வைத்த குழந்தை இயேசு படம் ஒன்று கொடுத்தார். கை தட்டினார்கள். வாயில் பஞ்சோடு ஜெனோவாவும் தட்டினாள். அந்தப் படம் இன்னும் என் பைபிளுக்குள் இருக்கிறது. நான் நல்ல பிள்ளை. அந்த ஞாயிறும் அவன் எடுக்கிற டேக் கெட்டுவிடக்கூடாது என்று இருந்துவிட்டேன், அவ்வளவுதான், பழக்கம், யாராவது உட்கார் என்றால் உட்கார்ந்திருப்பேன். அப்படித்தானா. அப்படி மட்டும்தானா.

சரி, ஐந்து நொடி, இரண்டு வரி, முப்பத்தாறு எழுத்து. ஊரான் வீட்டு மௌனத்துக்கெல்லாம் எழுதுகிறாயே, உன்னுடையதற்கு எழுது. ஹோன்ஸாவின் கை அடுப்பை நோக்கிப் போகிற இடத்தில், யாரும் பேசாத இடத்தில், காலிப் பெட்டியில் தட்டினேன்: பரிதி பிடிப்பான். பொய், ஆனால் நல்ல பொய், வ்லாஸ்தாவின் பொய். நான் அவனைப் பார்க்கவே இல்லையே, திரையைத்தானே பார்த்தேன். அழித்தேன். தட்டினேன்: விழட்டும். விரல்தான் தட்டியது. ஐந்து எழுத்து, ஒரு நொடி போதும், மீதி நான்கு நொடி காலியாக இருக்கும். தூங்கவிடாமல், குளிக்கவிடாமல், ஒரு வாய் சோற்றை முழுசாக விழுங்கவிடாமல் ஏழு மாதம். முலைக்காம்பு வெடித்து ரத்தம் வந்தபோதுகூடக் குடித்தாள், ரத்தத்தோடு. விழட்டும். அப்படி நினைத்தேனா? சுவரைப் பார்த்தேன். உள்ளறையைப் பார்த்தேன். மூச்சு கேட்கிறது. அழித்தேன். அழித்தாலும் அது தட்டப்பட்ட சொல்தான், விரலுக்குத் தெரியும். இதில் அவன் பாவம் வேறு. பன்னிரண்டு நாளாக, இல்லை பதினொன்றோ என்னவோ, எல்லோரும் அவனைத்தான் திட்டுகிறார்கள். அம்மா ஆஸ்பத்திரி வராந்தாவில் வைத்து, நீ அப்பனா, போட்டோ ஸ்டாண்டா என்று கேட்டாள். அவன் தலை குனிந்து நின்றான். நான் ஒரு வார்த்தை சொல்லவில்லை. அதைவிட மோசம், அழுதேன், அவன் தோளில் சாயாமல் அம்மா தோளில் சாய்ந்து அழுதேன், அழுதுகொண்டே கேட்டேன், உனக்கு எப்படி பரிதி மனசு வந்துச்சு? அவன் என்னை நிமிர்ந்து பார்த்தான். அதிலிருந்து அவன் என்னோடு அளவாகத்தான் பேசுகிறான், சாப்பிட்டியா, தூங்கிட்டாளா, கதவைப் பூட்டிக்கோ. குற்ற உணர்ச்சி என்று நினைத்தேன். எனக்குக் கொஞ்சம் சந்தோஷமாகக்கூட இருந்தது. பாத்திரம் தேய்த்துவைக்கிறான், பால் காய்ச்சுகிறான், முன்னெல்லாம் தொடமாட்டான்.

சேமிக்கலாம். செய்தவரைக்கும் சேமித்துவிட்டு வ்லாஸ்தாவுக்கு வருவோம். ஹார்ட் டிஸ்க்கில் எங்கே சேமிப்பது என்று கேட்டு வரிசையாகப் பெட்டிகள் விரிகின்றன, ரூஷெக் ஒன்று, ரூஷெக் இரண்டு, உறையூர் கல்யாணம், ஞாயிறு. ஞாயிறுக்குள் நான் போகக்கூடாது, பேசிக்கொண்டது, படத்தில் இருக்கிறவங்க எடுத்ததைப் பாக்கக்கூடாது, பாத்தா அடுத்த வாரம் நடிக்க ஆரம்பிச்சிடுவாங்க. போனேன். ஒன்றிலிருந்து இருபத்தேழு வரை இருக்கும் என்று நினைத்தேன். இருபத்தெட்டும் இருந்தது. அழிச்சிட்டேன் என்று என் தலையில் கை வைத்துச் சொன்னான். கடைசியாகத் திறந்தது என்ற இடத்தில் இன்றைய தேதி, காலை ஆறு பத்து. நான் முகைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்த நேரம், அவன் காதில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு இதே நாற்காலியில் உட்கார்ந்திருந்தான், கல்யாண வேலை என்றான். பார்த்திருக்கிறான். பார்த்தால் தெரிந்துவிடும், கண் எங்கே போகிறது என்று பார்ப்பதுதானே அவன் தொழில், மணப்பெண் யாரைத் தேடுகிறாள் என்று கூட்டத்தில் கண்டுபிடிக்கிறவன், நான்கில் என் கண் திரைக்குப் போவது தெரிந்துவிடும், தெரிந்துவிட்டால் அவ்வளவுதான், அம்மாவிடம் சொல்வான், சொல்லமாட்டான், சொல்லாமல் வைத்திருப்பான், ஒரு நாள் முகையிடம் சொல்வான், உங்கம்மா பாத்துக்கிட்டே இருந்தா. முகைக்குப் பதினைந்து வயதிருக்கும். அவள் என் பக்கம் திரும்பி ஒன்றும் பேசாமல் பார்ப்பாள்.

திறந்தேன். சத்தத்தைக் குறைத்தேன். நாற்காலியில் நான், நைட்டிக்கு மேல் துண்டு, தலை வாராமல். இல்லையே, எதுக்குத் தேடணும். என் குரல் இவ்வளவு மெல்லியதா. அமைதி. ஒன்று. இரண்டு. என் உதடு சிரிக்கிறது. மூன்று. பின்னால் தலையணை அசைகிறது, ஒரு சின்னக் கை. நான்கு. என் கண் இடப்பக்கம் போகிறது, நூல் அளவுதான், ஆனால் போகிறது, போய் நிற்கிறது. யாருக்கும் தெரியும். குருடனுக்குக்கூடத் தெரியும். ஐந்து. படம் நகர்கிறது.

மறுபடி போட்டேன். நான்கு. என் கண் போகிறது. ஐந்து. படம் முன்னால் வருகிறது, மெதுவாக, வழுவழுவென்று, தேர்ந்த கை, கட்டில் இடமும் வலமுமாக ஒதுங்கி வெளியே போகிறது, தலையணை போகிறது, விளிம்பில் முக்கால்வாசி வெளியே தொங்குகிற அந்தச் சின்ன உடம்பு போகிறது, என் முகம், என் கண், கண்கள் மட்டும். ஒன்பதில் சத்தம். அதற்குப் பிறகும் மூன்று நொடி கண்கள் மட்டும். பன்னிரண்டில்தான் படம் ஆடுகிறது, பன்னிரண்டில்தான் அவன் கேமராவை விட்டான். ஜூம். நாற்பது வருஷத்தில் ஒருவர் ஒரே தடவை செய்தது, செய்துவிட்டு மூன்று வருஷம் கேமராவைத் தொடாமல் இருந்தது. அவன் குழந்தையைப் பார்த்தான், பிறகு நான் குழந்தையைப் பார்த்துவிட்டதைப் பார்த்தான், பிறகு இரண்டில் எது நல்ல படம் என்று முடிவு பண்ணினான். ஐந்தாவது நொடியிலிருந்தே அவனுக்குத் தெரியும். வராந்தாவில் தலை குனிந்து நின்றபோது தெரியும். உனக்கு எப்படி மனசு வந்துச்சு என்று நான் கேட்டபோது நிமிர்ந்து பார்த்தானே, அது அழுகிறவளைப் பார்த்த பார்வை இல்லை. பாத்திரம் தேய்த்தது குற்ற உணர்ச்சி இல்லை. பால் காய்ச்சியது குற்ற உணர்ச்சி இல்லை. நான் பதில் சொல்லி முடித்துவிட்டேன், அவன் அடுத்த கேள்வி கேட்கவில்லை, அவ்வளவுதான். இன்று எத்தனையாவது நாள் என்று விரல் கணுவில் எண்ணினேன், திங்கள், செவ்வாய், புதன், ஜெபமாலை உருட்டுகிற மாதிரி, பாதியில் நிறுத்திவிட்டேன்.

அப்புறம்தான் அது மெதுவாக வந்தது, தண்ணீருக்கு அடியிலிருந்து வருகிற மாதிரி. அப்படியானால் நான் என் மூஞ்சியைத் தேடிப் பார்க்கவில்லை. அவன் காட்டினான். திரையில் குழந்தை இருந்தது, பிறகு இல்லை, நான் மட்டும் இருந்தேன், அவன்தான் அவளை வெளியே தள்ளினான். விடுதலை. ஓடிப்போய் அம்மாவுக்குப் போன் பண்ணலாம். ஆனால் மூன்றாவது முறை போட்டபோது நான் என் கண்களையே பார்த்தேன், இவ்வளவு பெரிதாக, இமையின் முடி தெரிகிற அளவுக்கு, ஆறு, ஏழு, குழந்தை திரையிலிருந்து மறைந்த பிறகான கண்கள். பயம் இல்லை அதில். பதறுகிற தாயின் கண்கள் இல்லை. நெற்றி தளர்கிறது. ஏழு மாதமாகச் சுருங்கியே இருந்த நெற்றி. திரையில் தனியாக ஒருத்தி இருக்கிறாள், முகை பிறப்பதற்கு முன்னால் இருந்தவள், தேடவே இல்லை என்று நான் சொன்னவள், அவளைப் பார்த்துவிட்டேன், தெருவில் பழைய சிநேகிதியைப் பார்த்த மாதிரி. அவன் கேட்ட கேள்விக்குப் பதில் எட்டில் வந்திருக்கிறது. ஐந்து எழுத்துக்கூட வேண்டாம். அப்பாடா.

கதவில் சாவி. மூன்று ஆக இன்னும் ஏழு நிமிஷம் இருக்கிறது, நாலு மணிக்குத்தான் வருவேன் என்றிருந்தான். மூடிவிடலாம், ஒரு விரல் போதும், மூடவில்லை. செருப்பைக் கழற்றுகிறான். எந்திரிச்சிட்டாளா? இல்ல. சாப்பிட்டியா? சாப்பிட்டேன். முடிச்சிட்டியா படத்தை? ஒரு வரி இருக்கு. எந்த வரி? அவன் உள்ளே வந்து மேஜைக்கு எதிர்ப்பக்கம் நின்றான். மடிக்கணினியின் முதுகுதான் அவனுக்குத் தெரியும், ஆனால் எனக்குப் பின்னால் இருக்கிற பீரோ கண்ணாடியில் என் கண்கள் இரண்டும் பெரிதாக நின்றுகொண்டிருக்கின்றன, அவன் கண்ணாடியைப் பார்த்தான், பார்த்துவிட்டு என் பக்கம் திரும்பினான். பையைத் தோளிலிருந்து இறக்கவில்லை. மடிக்கணினிக்கு மேலே தலையை நீட்டி என்னைப் பார்த்தான், கேமராவுக்கு மேலே பார்ப்பானே, அப்படி. நீ அழிச்சிட்டதா சொன்னே, என்றேன். ஆமா, என்றான். அவ்வளவுதான். ஏன் என்று நான் கேட்கலாம். நீ பார்த்தாயே என்று அவன் கேட்கலாம். நீ ஜூம் பண்ணினாய் என்று நான். யார் முதலில் வாயைத் திறக்கிறார்களோ அவர்கள்தான் அந்தக் கட்டிலுக்குப் பக்கத்தில் நின்றவர்கள் ஆவார்கள், மற்றவர் அங்கே இல்லாதவர் ஆகிவிடுவார். அது எனக்குத் தெரிந்தது, அவனுக்கும் தெரிந்தது. உள்ளறையில் முகை சிணுங்கினாள். பிறகு அழுதாள், தூக்கம் கலைந்த அழுகை, எழுந்ததும் யாரும் இல்லையே என்கிற அழுகை, வரவர ஏறுகிற அழுகை. உள்ளறை அவனுக்கு நான்கு அடி, எனக்கு ஆறு. அவன் அசையவில்லை. நான் அசையவில்லை. அழுகை ஒரு இருமலில் தடுக்கி, சட்டென்று நின்றது. மின்விசிறி ஓடுகிறது. வேறு எதுவும் கேட்கவில்லை, மூச்சுகூட. அவன் உதடு அசைகிறது, என்னுடையதும் அசைகிறது, ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு, அவன் என்னைப் பார்க்கிறான், ஐந்து, நான் அவனைப் பார்க்கிறேன், ஆறு, ஏழு,

எட்டு.